சணல் கயிற்றில் கட்டிய ஜோடிகள்: உக்கடத்தில் ஒரு பழைய புத்தகக் கடை

கோவை உக்கடத்துக்குப் பழைய புத்தகம் தேடிப் போகிறவர்களில் பெரும்பாலோர் பள்ளிப் பாடநூல்களுக்கும் போட்டித் தேர்வுக் கைடுகளுக்குமாகப் போகிறவர்கள். அந்தக் கடை வரிசையைத் தாண்டி, ஒரு சந்துக்குள் நுழைந்து, குறுகலான மாடிப்படி ஏறினால் பெயர்ப்பலகை இல்லாத சிறிய அறை ஒன்று வரும். அங்கே விற்கப்படுபவை பெரும்பாலும் ஒரே வகை நூல்கள். தூதர்களும் வெளியுறவுச் செயலாளர்களும், அயல்நாடுகளோடு பேரம் பேசிய அமைச்சர்களும் எழுதிய தன்வரலாறுகள், நாட்குறிப்புகள், நினைவுக் குறிப்புகள். இரண்டு ஆண்டுகளாக, மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை திருப்பூரில் பஸ் ஏறி காந்திபுரத்தில் இறங்கி, டவுன் பஸ் மாறி இங்கே வந்துகொண்டிருக்கிறேன். இதுவரை பதினெட்டுப் புத்தகங்கள் வாங்கியிருக்கிறேன் என்பதால் குறை நிறை இரண்டையும் எழுத எனக்கு ஓரளவு உரிமை உண்டு.

கடைக்காரர் முன்பு பைண்டிங் கடை வைத்திருந்தவர். முதல் தடவை நான் ஒரு புத்தகத்தை எடுத்து விலை கேட்டபோது, அவர் விலையைச் சொல்லாமல் எழுந்துபோய் வேறொரு புத்தகத்தை எடுத்து வந்து அதன் மேல் வைத்தார். “ஏனுங்க, இதைய ஒண்டி எடுத்துட்டுப் போனீங்கன்னா பாதி வழக்குத்தானுங்க தெரியும். எதிராளி என்ன சொல்றான்னும் பார்த்துப்போடுங்க” என்றார். ஒரு நிகழ்ச்சியில் இரு பக்கமும் இருந்தவர்கள் எழுதிய நூல்களைச் சணல் கயிற்றில் சேர்த்துக் கட்டி, ஒரே விலையாகப் போட்டு விற்பதுதான் இந்தக் கடையின் வழக்கம். பனியன் கம்பெனியில் முப்பது ஆண்டு கணக்கெழுதி, ஒவ்வொரு மார்ச்சிலும் பார்ட்டியின் பேரேட்டையும் எங்கள் பேரேட்டையும் ஒத்துப் பார்த்தே வயதைக் கழித்த எனக்கு, இது உடனே பிடித்துப்போனதில் வியப்பில்லை.

நான் முதலில் வாங்கிய ஜோடி, சீனாவில் இந்தியத் தூதராக இருந்த கே.எம். பணிக்கர் 1955இல் வெளியிட்ட ‘இன் டூ சைனாஸ்’ நூலும், அமெரிக்க அதிபராக இருந்த ட்ரூமனின் நினைவுக் குறிப்புகளில் 1956இல் வந்த இரண்டாம் தொகுதியும். 1950 அக்டோபர் 2ஆம் தேதி நள்ளிரவு பணிக்கரைத் தூக்கத்திலிருந்து எழுப்பி அழைத்துப்போகிறார்கள். பன்னிரண்டரை மணிக்குப் பிரதமர் சூ என்லாய் அவரிடம், வட, தென் கொரியாக்களைப் பிரித்த 38ஆவது இணைகோட்டை அமெரிக்கர் தாண்டினால் சீனா போரில் இறங்கும் என்று சொல்லியனுப்புகிறார். பணிக்கர் அதை உடனே டெல்லிக்குத் தெரிவிக்க, செய்தி வாஷிங்டனுக்கும் போய்ச் சேருகிறது. ட்ரூமனின் புத்தகத்தைத் திறந்தால் அதே செய்தி அங்கேயும் இருக்கிறது. ஆனால் கொண்டுவந்தவர் சீனக் கம்யூனிஸ்டுகளின் பக்கம் சாய்ந்தவர் என்பதால் அதை நடுநிலையான ஒருவரின் வார்த்தையாக எடுத்துக்கொள்ள முடியவில்லை என்ற காரணத்தோடு இருக்கிறது. ஒரு வாரத்துக்குள் அமெரிக்கப் படை கோட்டைத் தாண்டியது; அக்டோபர் 19ஆம் தேதி சீனப் படை எல்லையிலுள்ள யாலு ஆற்றைக் கடந்து கொரியாவுக்குள் நுழைந்தது. பணிக்கரை மட்டும் படித்திருந்தால், சரியாகச் சொன்ன ஒருவரை உலகம் கேட்கவில்லை என்ற வருத்தத்தோடு மூடி வைத்திருப்பேன். சொல்லுகிற ஆளின் பெயர் எதிர்த்தரப்பில் கெட்டிருந்தால் மெய்யான செய்தியும் அங்கே விலை போகாது என்பது, அடுத்த புத்தகத்தின் ஓரிரு பக்கங்களில்தான் எனக்கு விளங்கியது.

ஆனால் இந்தக் கடைக்குப் போய்வந்த செலவுக்கெல்லாம் ஈடுகட்டியது பொள்ளாச்சிப் பக்கத்துக்காரரான சி. சுப்பிரமணியம் எழுதிய ‘ஹேண்ட் ஆஃப் டெஸ்டினி’யின் இரண்டாம் தொகுதிதான். அவர் தூதரல்லர், உணவு, வேளாண்மை அமைச்சர். ஆயினும் 1965 நவம்பரில் ரோம் நகரில், அமெரிக்க வேளாண் அமைச்சர் ஆர்வில் ஃப்ரீமனோடு அவர் உட்கார்ந்து செய்துகொண்ட ஒப்பந்தம், தூதர்கள் பலர் ஆயுள் முழுக்கச் செய்த வேலைக்குக் குறைந்ததில்லை. மழை பொய்த்திருந்தது; பி.எல். 480 என்ற அமெரிக்க உணவு உதவிச் சட்டத்தின்கீழ் வரும் கோதுமையை அதிபர் ஜான்சன் சிறிது சிறிதாக மட்டுமே விடுவித்துக்கொண்டிருந்தார். வேளாண்மைக்கும் உரத்துக்கும் இந்தியா கூடுதலாக முதலீடு செய்யும் என்பது ரோமில் ஒப்புக்கொண்டவற்றுள் முக்கியமானது. அமெரிக்கா சொல்லிச் செய்ததாகத் தெரிந்தால் நாடாளுமன்றத்தில் என்ன ஆகும் என்பது இருவருக்கும் தெரியும். ஆகவே ஒப்பந்தம் வெளியில் பேசப்படவில்லை. அடுத்த ஆண்டு மெக்சிகோவிலிருந்து 18,000 டன் குட்டைரகக் கோதுமை விதை இறக்குமதியானது. டெல்லியில் தம் பங்களாவின் புல்வெளியை உழுது அதே கோதுமையை விதைத்துக் காட்டியவரும் இவர்தான். நம்மூர்க் குடியானவர் புத்தி டெல்லிக்குப் போயும் மாறவில்லை.

இதனோடு கடைக்காரர் கட்டிக் கொடுத்தவை இரண்டு: ஜான்சன் 1971இல் வெளியிட்ட ‘த வான்டேஜ் பாயிண்ட்’, ரோம் ஒப்பந்தக் காலத்தில் டெல்லியில் அமெரிக்கத் தூதராக இருந்த செஸ்டர் பவுல்ஸ் அதே ஆண்டு வெளியிட்ட ‘ப்ராமிசஸ் டு கீப்’. ஜான்சன் தம் கெடுபிடியை நியாயப்படுத்தியே எழுதுகிறார். இந்தியாவில் எங்கே மழை பெய்தது, எங்கே பெய்யவில்லை என்பதுகூடத் தமக்குத் தெரிந்திருந்ததாகச் சொல்கிறார். அவருடைய தூதரே அந்தக் கெடுபிடியை ஏற்கவில்லை. மூன்றையும் மேசையில் விரித்து வைத்து ஒரே மாதத்து நிகழ்ச்சிகளைப் படித்தபோது, ஒரே கோதுமைக் கப்பலை மூன்று துறைமுகங்களிலிருந்து பார்த்தது போலிருந்தது. சுப்பிரமணியத்தின் நூலில் இன்னொரு பேறும் கிடைத்தது. அதை முன்பு வைத்திருந்த யாரோ ஒருவர், பஞ்சத்தைப் பற்றிய பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால், “அன்று ரேஷனில் கோதுமை. அம்மாவுக்குச் சப்பாத்தி தேய்க்கத் தெரியாது” என்று தமிழில் எழுதியிருக்கிறார். நான் அதை அழிக்கவில்லை.

மாஸ்கோவில் இந்தியத் தூதராக இருந்த கே.பி.எஸ். மேனனின் நாட்குறிப்பு ஜோடியில்லாமல் வந்தது. 1953 பிப்ரவரி 17ஆம் தேதி ஸ்டாலினைச் சந்தித்தபோது அவர் தாளில் ஓநாய்களை வரைந்துகொண்டிருந்ததை மேனன் குறித்து வைத்திருக்கிறார். மூன்று வாரம் கழியுமுன் ஸ்டாலின் இறந்துபோனார். “அந்தப் பக்கம் எழுதி வெக்கலீங்க, அதனால வெல கம்மி” என்று சொல்லிக் கடைக்காரர் எண்பது ரூபாய்க்குக் கொடுத்தார். அன்றன்று எழுதிய குறிப்பு, முப்பது ஆண்டு கழித்து நினைவிலிருந்து எழுதுவதைவிட நம்பத்தக்கது என்று அவரிடம் வாதிட்டுப் பார்த்தேன். விலையைக் கூட்டிவிடுவாரோ என்ற பயத்தில் அதோடு நிறுத்திக்கொண்டேன்.

இனி குறைகள். பவுல்ஸின் புத்தகத்தில் ஒரு பாரம், அதாவது பதினாறு பக்கம், தையலிலேயே விடுபட்டிருந்தது. பைண்டிங் தெரிந்தவர் அதைக் கவனிக்காமல் விற்றது எனக்கு வருத்தமே. சொன்னதும் மறுக்காமல் ஒப்புக்கொண்டார். ஆனால் அந்தப் பக்கங்களின் நகலை எங்கிருந்தோ எடுத்துவந்து ஒட்டித் தர மூன்று வாரம் ஆயிற்று. பில் கிடையாது. பார்சல் அனுப்பச் சொன்னால் அனுப்புவார், ஆனால் மழைக்காலத்தில் பிளாஸ்டிக் உறை போடமாட்டார். வெளிச்சம் போதாது; அடி அலமாரியில் இருப்பதைப் பார்க்க செல்போன் டார்ச் வேண்டும். விலையும் எப்போதும் மலிவு என்று சொல்ல முடியாது: சாதாரண ஜோடி ஒன்று 350 ரூபாய், மூன்று சேர்ந்தால் 600.

பெரிய குறை, தமிழ் அலமாரி வெறுமையாக இருப்பது. 1944இல், உலக வங்கிக்கு அடிபோட்ட பிரெட்டன் வூட்ஸ் மாநாட்டுக்குப் போன இந்தியக் குழுவில் இருந்த ஆர்.கே. சண்முகம் செட்டியார் இதே கோவைக்காரர். 1949 முதல் 1951 வரை இந்தோனேசியாவில் இந்தியத் தூதராக இருந்த ப. சுப்பராயன் திருச்செங்கோட்டுப் பக்கம் குமாரமங்கலத்துக்காரர். இவர்கள் இருவரைப் பற்றி எந்த மொழியிலாவது எது வந்தாலும் எடுத்து வைக்கும்படி ஓராண்டாகச் சொல்லி வருகிறேன். நோட்டில் குறித்துக்கொள்கிறாரே தவிர, ஒரு துண்டுப் பிரசுரம்கூட இன்னும் கைக்கு வரவில்லை.

சென்ற ஞாயிறு, 1985 முதல் 1989 வரை கொழும்பில் இந்தியத் தூதராக இருந்த ஜே.என். தீட்சித்தின் ‘அசைன்மென்ட் கொழும்பு’ மேசையில் இருந்தது. 1987 ஜூலை 29 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தைப் பற்றி உள்ளிருந்தவர் எழுதியதாயிற்றே என்று பணத்தை நீட்டினேன். கடைக்காரர் வாங்க மறுத்துவிட்டார். அதன்படி இலங்கைக்குப் போன இந்திய அமைதிப் படைக்கு முதலில் தளபதியாகப் போன மேஜர் ஜெனரல் ஹர்கிரத் சிங் 2007இல் எழுதிய நூல் கைக்கு வந்தால்தான் இதைத் தருவாராம். தீட்சித் 2005இலேயே இறந்துபோனதால் அந்த நூலுக்குப் பதில் சொல்ல அவர் இல்லை என்பதையும் கடைக்காரரே சொன்னார். முன்பணமாக நூறு ரூபாய் கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன். அதற்கும் பில் கொடுக்கவில்லை.