கனவெழுத்தர் சேவை: திருத்தி எழுதாத ஒருவரைப் பற்றிய மதிப்புரை

நாம் உறங்கும்போது காணும் கனவை ஏட்டில் எழுதித் தரும் கனவெழுத்தரை அமர்த்திக்கொள்ள விரும்புவோர் பெரும்பாலும் அவருடைய மந்திர மையின் திறத்தைத்தான் விசாரிக்கிறார்கள். ஆனால் கனவில் இல்லாத ஒன்றை எழுதாமல் விடும் கட்டுப்பாடு அவரிடம் இருக்கிறதா என்பதைத்தான் நான் முதலில் பார்ப்பேன். அந்தக் கட்டுப்பாடு உள்ளவர்கள் மிகவும் அரிது. அண்மையில் எனக்கு எழுதித் தந்தவர் அத்தகையவர்.

வேலையைத் தொடங்கும் முன்பே அவருடைய அக்கறை தெரிந்துவிட்டது. என்னென்ன மருந்துகள் உட்கொள்கிறேன், மது அருந்தும் வழக்கம் உண்டா என்று கேட்டார். மதுவும், மனச்சோர்வுக்குத் தரப்படும் மருந்துகள் பலவும், தெளிவான கனவுகள் மிகுதியாக வரும் உறக்கநிலையைக் குறைத்துவிடும் என்பதால் இந்தக் கேள்விகள் இன்றியமையாதவை. அதற்காக மருந்து எதையும் நிறுத்தக் கூடாது என்பதையும் அவர் அழுத்திச் சொன்னார். இமைகளுக்குள் விழிகள் விரைந்து அசையும் அந்த நிலையை உறக்க ஆய்வாளர்களான அசெரின்ஸ்கியும் கிளெயிட்மனும் 1953-இல் விவரித்தார்கள். கனவெழுத்தர்களின் மையும் அதே அசைவுக்காகத்தான் காத்திருக்கிறது. தலைமாட்டில் விரித்து வைத்த ஏட்டின் மேல் எழுதுகோல் தானாக நிமிர்ந்து நிற்கும். விழி அசையத் தொடங்கியதும் அதன் முனையில் ஈரம் கசியும். ஏறத்தாழ 90 நிமிடங்களுக்கு ஒருமுறை திரும்பிவரும் இந்த நிலை, முன்னிரவில் சில நிமிடங்களே நீடித்து, விடியலை நெருங்க நெருங்க நீளும். என் ஏட்டிலும் தொடக்கப் பக்கங்களில் ஓரிரு வரிகள்தாம் இருந்தன. கடைசிப் பக்கங்களிலோ ஓரம் வரை எழுத்து நிறைந்திருந்தது.

இவருடைய சிறப்பு இரண்டு மைகளைப் பயன்படுத்துவது. கனவில் கண்ணால் கண்டதும் காதால் கேட்டதும் கருப்பு மையில் இறங்குகின்றன. காணாமலும் கேளாமலும் எப்படியோ தெரிந்திருந்தவை சிவப்பு மையில் இறங்குகின்றன. கனவு கண்ட எவருக்கும் இந்த வேறுபாடு புரியும். என் ஏட்டின் ஒரு பக்கத்தில், முகம் தெரியாத ஒரு முதியவர் படிக்கட்டில் அமர்ந்து செருப்பின் வாரைச் சரிசெய்வது கருப்பில் எழுதப்பட்டிருக்கிறது. அதற்கு நடுவே, "இவர் என் அண்ணன்" என்ற மூன்று சொற்கள் சிவப்பில் இருக்கின்றன. அந்த முதியவருக்கும் என் அண்ணனுக்கும் தோற்றத்தில் எந்த ஒற்றுமையும் இல்லை. இருந்தாலும் கனவில் எனக்கு அதில் துளியும் ஐயம் இருக்கவில்லை. இரண்டையும் ஒரே மையில் எழுதியிருந்தால், அண்ணன் படிக்கட்டில் அமர்ந்திருந்தார் என்று அந்தப் பக்கம் சாதாரணமாக முடிந்து போயிருக்கும்.

அதே கனவில் என் கைக்கு ஒரு கடிதம் வந்தது. கனவில் எழுத்தைப் படித்துவிட்டு மறுபடியும் பார்த்தால் அது மாறியிருக்கும் என்று பலர் சொல்லக் கேட்டிருப்போம். ஏட்டில் அந்தக் கடிதம் வரும் நான்கு வரிகளும் அவ்வாறே மாறுகின்றன. பார்வையை விலக்கித் திரும்பப் பார்க்கும்போது சொற்கள் வேறாக இருக்கின்றன; சுற்றியுள்ள வரிகள் அசையாமல் அப்படியே நிற்கின்றன. தொழில் தெரிந்த ஒருவரால் மட்டுமே இதைச் செய்ய முடியும். ஏதேனும் ஒரு வாசகத்தை நிலைப்படுத்தி எழுதிவிடுவது அவருக்கு எளிதாகவே இருந்திருக்கும்.

முன்பு நான் அமர்த்தியிருந்த வேறொரு கனவெழுத்தர் அப்படித்தான் எழுதினார். அறையில் இருந்தவன் அடுத்த கணம் ஆற்றங்கரையில் நின்றால், இடையில் ஒரு கதவையும் ஒரு நடையையும் தாமாகச் சேர்த்துவிடுவார். படிப்பதற்கு இதமாக இருந்தது. ஆனால் அது நான் கண்ட கனவாக இல்லை. விழித்தவுடன் நம் மனமே அந்த வேலையைச் செய்துவிடுகிறது, கனவின் பெரும்பகுதியையும் சில நிமிடங்களில் இழந்துவிடுகிறது. மேரி கால்கின்ஸ் என்ற உளவியலாளர், இரவில் மணி வைத்து எழுந்து கனவுகளை உடனுக்குடன் குறித்துவைத்த தம் ஆய்வை 1893-இல் வெளியிட்டார். மனம் கைவைக்கும் முன் எழுதிவிட வேண்டும் என்ற அந்த அக்கறைதான் கனவெழுத்தரின் அடிப்படை ஒழுக்கமாகவும் இருக்க வேண்டும் என்பது என் கருத்து. இப்போது எழுதித் தந்தவரோ, அறைக்கும் ஆற்றுக்கும் நடுவே அரைப் பக்கத்தை வெறுமையாக விட்டிருக்கிறார். அந்த வெற்றிடத்துக்காகவே அவருக்கு நன்றி சொல்ல வேண்டும்.

கருவிகளே இதற்குப் போதாதா என்று கேட்பவர்களும் உண்டு. 2013-இல் ஜப்பானில் மூளை ஆய்வாளர் கமிதானியின் குழுவினர், உறக்கம் தொடங்கும் வேளையில் எடுத்த மூளைப் படங்களைக் கொண்டு, மனத்தில் தோன்றிய காட்சியில் எந்த வகைப் பொருள்கள் இருந்தன என்பதை ஓரளவு கணித்துக் காட்டினார்கள். வியக்கத்தக்க பணி அது. ஆயினும் படிக்கட்டில் ஒரு மனிதர் இருக்கிறார் என்பது வரைதான் அவ்வகைக் கணிப்பு செல்லும். அவர் என் அண்ணன் என்பது அதற்கு எட்டாது.

குறைகள் என்று பார்த்தால், சிவப்பு மை வெளிச்சம் பட்டால் மங்குகிறது. ஏட்டை ஒப்படைக்கும்போதுதான் இதைச் சொன்னார். ஒப்பந்தம் பேசும்போதே சொல்லியிருக்க வேண்டும். சாதாரணப் பேனாவால் படியெடுத்து வைத்தால் மாறும் வரிகள் உயிரிழந்துவிடுகின்றன. ஆகவே ஏட்டை மூடி, உறையிட்டுத்தான் வைத்திருக்க வேண்டியிருக்கிறது. பக்க எண்களும் இல்லை. கொடுங்கனவுகளைத் தனியே தைத்து முத்திரையிட்டுத் தருவது நல்ல ஏற்பாடு.

பொருள் சொல்லும்படி கேட்டால் மறுத்துவிடுவார். சிலருக்கு அது ஏமாற்றமாக இருக்கலாம். எனக்கு அதனாலேயே அவர்மீது மதிப்புக் கூடியது. பலன் சொல்லத் தொடங்கிய எழுத்தர், நாளடைவில் அந்தப் பலனுக்கு ஏற்றபடி எழுதவும் தொடங்கிவிடுவார்.

இவரை அமர்த்துவோர் ஒற்றை இரவுக்கு மட்டும் ஒப்பந்தம் செய்ய வேண்டாம். புதியவர் ஒருவர் அருகில் அமர்ந்திருக்க, முதல் இரவில் உறக்கம் சரியாகப் பிடிக்காது. ஏடும் மெலிந்தே இருக்கும். 'செம்மைப்படி' வேண்டுமா என்று அவருடைய உதவியாளர் கேட்பார். அதைத் தவிர்த்துவிட்டு, வெற்றிடங்களோடு கூடிய மூலப்படியையே கேட்டு வாங்குங்கள்.