பெர்லின் 'பேய் நிலையங்கள்' நடைச்சுற்றுலா: காசுக்குக் கிடைத்ததைவிட இலவசமாகக் கிடைத்தது அதிகம்

கிழக்கு ஜெர்மனியின் ரயில்வே காவல் வரலாற்றை அறியும் ஆவலில், பெர்லினில் தனியார் நடத்தும் ஒரு நடைச்சுற்றுலாவுக்குப் பணம் கட்டிச் சென்றேன். வழிகாட்டி சுவையாகப் பேசினார், நேரமும் தவறவில்லை. ஆனால் சீருடை அணிந்த எவரைப் பற்றிக் கேட்டாலும் 'ஸ்டாசி' (கிழக்கு ஜெர்மனியின் ரகசியக் காவல் அமைப்பு) என்ற ஒற்றைச் சொல்லில் முடித்துவிட்டார்.

ரயில் நிலையங்களிலும் தண்டவாளங்களிலும் காவல் நின்றது, மக்கள் 'டிராப்போ' என்று சுருக்கி அழைத்த போக்குவரத்துக் காவல்படை. அது உள்துறை அமைச்சகத்தின் கீழ் இயங்கிய மக்கள் காவல்துறையின் ஒரு பிரிவு. ஸ்டாசியோ தனி அமைச்சகம். கிழக்கு, மேற்கு பெர்லினுக்கு இடையே எல்லை கடக்கும் இடமாக இருந்த ஃபிரீட்ரிக்ஸ்ட்ராஸ நிலையத்தில் கடவுச்சீட்டைச் சோதித்தவர்கள் எல்லைப் படையின் சீருடையில் இருந்த ஸ்டாசி ஆட்கள் என்பதால் குழப்பம் வருவது இயல்புதான். அதைத் தெளிவாக்கத்தானே வழிகாட்டிக்குப் பணம் கொடுக்கிறோம்?

ஹம்போல்ட் படகுத்துறையருகே இந்தக் குறை உறுத்தலாகவே ஆகிவிட்டது. எல்லை மூடப்பட்டுப் பதினோரு நாள் மட்டுமே ஆகியிருந்த 1961 ஆகஸ்ட் 24 அன்று, மேற்குக் கரைக்கு நீந்திச் செல்ல முயன்ற 24 வயதுத் தையற்காரர் குன்டர் லிட்ஃபின் அங்கே சுட்டுக் கொல்லப்பட்டார். பெர்லின் சுவரில் துப்பாக்கிக்குப் பலியான முதல் மனிதர் அவர். சுட்டவர்கள் டிராப்போ காவலர்கள். வழிகாட்டி 'எல்லைக் காவலர்கள்' என்று சொல்லிவிட்டு நடையைத் தொடர்ந்தார்.

மறுநாள் தனியாகச் சென்றேன். ஃபிரீட்ரிக்ஸ்ட்ராஸ நிலையத்தில் மேற்குக்குச் செல்வோருக்காக 1962இல் கட்டப்பட்ட 'கண்ணீர் மாளிகை' என்னும் புறப்பாட்டுக் கூடம் 2011 முதல் அருங்காட்சியகமாக இருக்கிறது. குறுகலான அசல் சோதனைக் கூண்டுக்குள் நின்று பார்த்தால் விளக்கம் எதுவும் தேவைப்படாது. இருந்தாலும் என் தேடலுக்கு அதைவிடப் பயன்பட்டது நோர்ட்பான்ஹோஃப் நிலையத்தில் உள்ள கண்காட்சி. மேற்கு பெர்லினின் இரண்டு சுரங்க ரயில் தடங்களும் வடக்கு-தெற்கு எஸ்-பான் (நகர ரயில்) தடமும் கிழக்குப் பகுதியின் அடியில் ஓடின. ஃபிரீட்ரிக்ஸ்ட்ராஸ தவிர இடையில் இருந்த நிலையங்கள் அடைக்கப்பட்டு 'பேய் நிலையங்கள்' ஆனதால், அவற்றின் அரையிருட்டு நடைமேடைகளை வண்டிகள் நிற்காமல் மெதுவாகக் கடந்தன. அங்கே காவல் நின்றவர்களே தப்பியோடக்கூடும் என்று அரசு அஞ்சியது என்பதை அறிந்தபோது, காவலுக்கும் சிறைக்கும் இடையே அவர்களுக்கு எவ்வளவு வேறுபாடு இருந்திருக்கும் என்று யோசித்தேன். நோர்ட்பான்ஹோஃப் மீண்டும் திறக்கப்பட்டது 1990 செப்டம்பர் 1 அன்று. அடுத்த மாதம் 3ஆம் தேதி நாடு இணைந்ததும் கிழக்கின் ரயில்வே காவல் பொறுப்பு கூட்டாட்சி எல்லைக் காவல்படையிடம் சென்றது.

சுற்றுலாவுக்கு ஐந்தில் இரண்டு நட்சத்திரம் கொடுப்பேன், அதுவும் நடத்தியவரின் பேச்சுத்திறனுக்காக. செல்ல விரும்புவோர் முதலில் நோர்ட்பான்ஹோஃபுக்குச் செல்லுங்கள். கண்ணீர் மாளிகையைப் போலவே அங்கும் நுழைவுக் கட்டணம் கிடையாது.