ஒரே பாத்திரத்தில் கிரீம் சிக்கன் பாஸ்தா: எனாமல் பூசிய வார்ப்பிரும்புப் பாத்திரம் கைகொடுக்கிறதா?

வேலை முடிந்து களைத்துத் திரும்பும் நாள்களின் இரவுச் சாப்பாட்டுக்கு, கோழிக்கறியும் பாஸ்தாவும் கிரீமும் ஒரே பாத்திரத்தில் வெந்து முடியும் சமையலைப் போல வசதியானது வேறொன்றைச் சொல்வது கடினம். அரை மணி நேரத்துக்குச் சற்றே கூடுதலான நேரத்தில் நான்கு பேருக்கான உணவு தயாராகிவிடும். பிறகு கழுவுவதற்கும் அதிகம் இருக்காது. ஆனால் ஒரே செய்முறையை, ஒரே அளவுகளோடு, இரு வேறு பாத்திரங்களில் செய்து பார்த்தால், ஒன்றில் பாஸ்தாவின் மேல் பளபளப்பாகப் படரும் சாறும், மற்றொன்றில் அடியில் தீய்ந்து மேலே நீர்த்துக் கிடக்கும் கலவையும் கிடைக்கக்கூடும். ‘அடிகனமான பாத்திரம் ஒன்றை எடுத்துக்கொள்ளவும்’ என்று செய்முறைக் குறிப்புகள் ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்ந்துவிடும் அந்த விஷயம்தான் இந்த உணவின் தரத்தைப் பெருமளவு தீர்மானிக்கிறது என்பது என் உறுதியான கருத்து. ஆகவே, அடிகனமான பாத்திரங்களில் இன்று பலரும் ஆசைப்பட்டு வாங்கும் எனாமல் பூசிய வார்ப்பிரும்புப் பாத்திரத்தை, இந்த ஒரு சமையலை மட்டுமே அளவுகோலாகக் கொண்டு இங்கே மதிப்பிடுகிறேன்.

நான் பயன்படுத்தி வருவது 28 செ.மீ. விட்டமும், குறைந்த உயரமும், இரு பக்கமும் கைப்பிடியும், கனமான மூடியும் கொண்ட வட்டப் பாத்திரம். உட்புற எனாமல் வெளிறிய நிறத்தில் இருக்கிறது. இந்த நிறம் எவ்வளவு பயன்படுகிறது என்பதைப் பின்னர் சொல்கிறேன்.

வழக்கமான முறையில் 100 கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் தண்ணீர் என்ற கணக்கில் கொதிக்கவைத்து, வெந்ததும் வடித்துவிடுவார்கள். அங்கே தண்ணீர் கூடினாலும் குறைந்தாலும் பெரிதாக ஒன்றும் ஆகிவிடாது. பாத்திரம் எப்படி இருந்தாலும் தண்ணீர் கொதித்தால் போதும். ஒரே பாத்திர முறையிலோ 250 கிராம் பாஸ்தாவுக்கு ஏறத்தாழ 750 மி.லி. கோழிச்சாறு அல்லது தண்ணீர் ஊற்றி, ஒரு சொட்டும் வடிக்காமல், பாஸ்தா குடித்தது போக மீதமுள்ளதைச் சாறாகச் சுண்டவைக்க வேண்டும். வெந்த பாஸ்தா தன் எடையைப் போல ஏறத்தாழ இரு மடங்காகிறது என்று வைத்துக்கொண்டால், அது உறிஞ்சும் நீர் 250 மி.லி. அளவுதான், எஞ்சிய அரை லிட்டரில் ஒரு பகுதி ஆவியாக வேண்டும், மறுபகுதி பாஸ்தாவிலிருந்து கரைந்துவரும் மாவுச்சத்தோடு சேர்ந்து கெட்டிப்பட வேண்டும். இரண்டும் ஒரே நேரத்தில், பாஸ்தா குழைந்துபோவதற்கு முன்பே நடந்து முடிய வேண்டும் என்பதால், பாத்திரத்தின் அகலமும் அடிப்பாகத்தின் கனமும் சமையலுக்குள் நேரடியாக நுழைந்துவிடுகின்றன.

முதலில் அகலம். 28 செ.மீ. பாத்திரத்தின் வாய்ப்பரப்பு 20 செ.மீ. பாத்திரத்தினுடையதைப் போல ஏறக்குறைய இரு மடங்கு என்பதால், மூடாமல் சுண்டவைக்கும்போது நீர் விரைவாக ஆவியாகிறது. பென்னே, ஃபுசில்லி போன்ற குட்டை வகைகள் அகன்ற அடியில் தாழ்வாகப் பரவி, எல்லாமே சாற்றுக்குள் மூழ்கியிருக்கின்றன. குறுகி உயர்ந்த பாத்திரத்திலோ மேலே உள்ளவை விறைப்பாகவும் அடியில் உள்ளவை குழைந்தும் போவதைத் தடுக்க ஓயாமல் கிண்ட வேண்டியிருக்கும். ஸ்பகெட்டி போன்ற நீண்ட வகைகள் 28 செ.மீ. அகலத்திலும் எளிதாகப் பரவுவதில்லை என்பதால், இந்தச் சமையலுக்குக் குட்டை வகைகளையே பரிந்துரைப்பேன்.

இந்தப் பாத்திரம் தன் தகுதியை முழுமையாகக் காட்டுவது கோழிக்கறியைச் சிவக்க வறுக்கும் கட்டத்தில்தான். எலும்பு நீக்கிய தொடைக்கறி அரை கிலோவை ஈரம் போகத் துடைத்து, உப்பும் மிளகுத்தூளும் தடவி, நன்றாகச் சூடேறிய பாத்திரத்தில் இடைவெளி விட்டுப் பரப்பினால், மெல்லிய பாத்திரங்களில் நடப்பதுபோல் சூடு சட்டென்று தணிந்து, கறி தண்ணீர் விட்டு அதிலேயே வேகத் தொடங்குவதில்லை. பல கிலோ இரும்பு தனக்குள் சேர்த்து வைத்திருக்கும் வெப்பம் குளிர்ந்த கறியின் அதிர்ச்சியைத் தாங்கிக்கொள்கிறது. கறியைப் போட்ட உடன் அது அடியோடு ஒட்டிக்கொண்டு நகர மறுக்கும். அவசரப்பட்டுச் சுரண்டாமல் மூன்று நான்கு நிமிடம் விட்டுவைத்தால், அடிப்பக்கம் நன்கு சிவந்ததும் தானாகவே விட்டுக்கொடுக்கும். கறியை எடுத்துத் தட்டில் வைத்த பிறகு பாத்திரத்தின் அடியில் படிந்து நிற்கும் பழுப்புப் படலம்தான் இந்த உணவின் சுவைக்கு அடித்தளம். வெளிறிய எனாமலின் பயன் இங்கே தெரிகிறது: அந்தப் படலம் தேன் நிறத்திலிருந்து பழுப்புக்கும், பழுப்பிலிருந்து கருப்புக்கும் மாறுவதைக் கண்ணால் பார்த்து, கருகுவதற்கு முன்பே வெங்காயத்தையும் பூண்டையும் போட்டு வதக்கிவிட முடிகிறது. உட்புறம் கருப்பாக உள்ள பாத்திரங்களில் இதை மோப்பத்தால் மட்டுமே கண்டுகொள்ள வேண்டும். வெங்காயம் விடும் ஈரத்திலும், தொடர்ந்து ஊற்றும் முதல் கரண்டிச் சாற்றிலும் மரக்கரண்டியால் லேசாகத் தேய்த்தாலே படலம் முழுவதும் கரைந்து சாற்றோடு சேர்ந்துவிடுகிறது.

எனாமல் என்பது உலோகத்தின் மேல் உருக்கிப் படியவைத்த கண்ணாடிப் பூச்சு. பூச்சில்லாத வார்ப்பிரும்பில் தக்காளியோ எலுமிச்சைச் சாறோ சேர்த்துக் கொதிக்கவிட்டால் இரும்பின் வாடை சாற்றில் ஏறுவதுண்டு. கிரீமின் வெண்மையும் சற்று மங்கும். இதில் அந்தக் குறை அறவே இல்லை.

குறைகளையும் சொல்ல வேண்டும். எனாமல் வார்ப்பிரும்பு ‘எங்கும் சீராகச் சூடாகும்’ என்று விளம்பரங்கள் சொல்வது பாதி உண்மையே. வார்ப்பிரும்பு வெப்பத்தைத் தேக்கி வைப்பதில் வலுவானது, கடத்துவதில் மந்தமானது. அலுமினியம் கடத்துவதில் ஏறத்தாழக் கால்பங்குதான் அது கடத்துகிறது. சிறிய அடுப்பின் மேல் அகன்ற பாத்திரத்தை ஏற்றிப் பெருந்தீயில் அவசரமாகச் சூடாக்கினால் நடுப்பகுதி தகிக்க, ஓரங்கள் வெதுவெதுப்பாகவே நிற்கும். மிதமான தீயில் ஐந்து நிமிடம் பொறுமையாகச் சூடேற்றினால் இந்தக் குறை பெரும்பாலும் மறைந்துவிடுகிறது. ஆனால் வேலை நாளின் இரவில் அந்த ஐந்து நிமிடமும் கணக்கில் சேரும் என்பதை வாங்குபவர்கள் அறிந்திருக்க வேண்டும்.

இதைவிட முக்கியமானது, அடுப்பை அணைத்த பிறகும் இது ஆறுவதற்கு நேரம் எடுத்துக்கொள்ளும் என்பது. பாஸ்தா பொட்டலத்தில் குறிப்பிட்ட நேரத்துக்கு இரண்டு நிமிடம் முன்பாகவே, நடுவில் இன்னும் சற்று விறைப்பு இருக்கும்போதே, தீயை அணைத்துவிட வேண்டும். அந்தப் பதத்தைச் சாற்றைப் பார்த்தும் அறியலாம். தொடக்கத்தில் வேகமாகப் பொங்கும் சிறு குமிழிகள், மாவுச்சத்து கரையக் கரைய மந்தமாகிப் பெரிதாகும். கரண்டியை அடியில் இழுத்தால் கோடு தெரிந்து, உடனே மூடிக்கொள்ளும். அந்தக் கணத்தில் அணைத்து, வறுத்த கோழிக்கறியைத் திரும்பச் சேர்த்து, 150 மி.லி. கிரீமை ஊற்றிக் கிளறி மூடிவிட்டால், பாத்திரத்தில் தங்கியிருக்கும் வெப்பமே எஞ்சிய வேலையை முடித்துவிடும். தொடைக்கறி முன்பே முழுதாக வெந்திருக்க வேண்டும்; சமையல் வெப்பமானி இருந்தால் கறியின் நடுப்பகுதி 74 டிகிரி செல்சியஸைத் தாண்டியதா என்று பார்த்துவிடுவது நல்லது. அந்த அளவுக்குச் சற்று மேலே போனாலும் தொடைக்கறி மென்மை குறையாது, நெஞ்சுக்கறி வறண்டுவிடும்.

அடுப்பை அணைத்த பிறகு கிரீமைச் சேர்ப்பது இந்தப் பாத்திரத்துக்கு மிகவும் பொருந்துகிறது. கொழுப்பு 35 விழுக்காடு அளவில் உள்ள கிரீம் கொதித்தாலும் எளிதில் திரியாது. கொழுப்பு குறைந்த வகைகளும் பாலும் புளிப்போடு சேர்ந்து கொதித்தால் திரிந்து துகள்துகளாகும். கொதி அடங்கிய, ஆனால் சூடு குறையாத சாற்றில் எந்த வகையும் பாதுகாப்பாகக் கலக்கிறது. சீஸும் அப்படித்தான். கட்டியாக வாங்கி அப்போதே துருவிச் சேர்த்தால் சாற்றில் வழுவழுப்பாகக் கரையும். துருவி அடைத்து விற்கும் சீஸில், ஒன்றோடொன்று ஒட்டாமல் இருப்பதற்காகச் சேர்க்கும் செல்லுலோஸ் அல்லது மாவுச்சத்து சாற்றை நறநறப்பாக்கிவிடலாம்.

எடைதான் பலருக்கும் தடையாக இருக்கும். மூடியோடு சேர்த்து ஐந்து கிலோவுக்கு மேல் கனக்கும் வெற்றுப் பாத்திரத்தில் இரண்டு கிலோ அளவுக்கு உணவும் சேரும்போது, மணிக்கட்டில் வலி உள்ளவர்களும் முதியவர்களும் இதை அடுப்பிலிருந்து தூக்கவே கூடாது. அடுப்பிலேயே வைத்துப் பரிமாறுவதே சரி. கழுவும்போதும் இதே எடை சிரமம் தருகிறது. சூடான பாத்திரத்தைக் குளிர்ந்த நீரில் இறக்கினால் எனாமலில் விரிசல் விழக்கூடும் என்பதால் ஆறும்வரை காத்திருக்க வேண்டும். பிறகு வெந்நீரில் ஊறவைத்தால் மாவுச்சத்து மென்பஞ்சுக்கே வந்துவிடும். விளிம்பில் எனாமல் படியாத மெல்லிய வளையம் ஒன்று உண்டு; அதை ஈரத்தோடு மூடிவைத்தால் துருப்பிடிக்கும். உலோகக் கரண்டியால் தட்டினால் பூச்சு சில்லுச் சில்லாகப் பெயரும் அபாயமும் இருக்கிறது.

மாற்றாக இரண்டைச் சொல்லலாம். நடுவில் அலுமினியம் வைத்த மூன்றடுக்கு எவர்சில்வர் பாத்திரம் எடை குறைவு, சூடேறுவதும் தணிவதும் விரைவு, கறியையும் ஏறக்குறைய இதே அளவுக்குச் சிவக்க வைக்கும்; தீயைக் கவனித்துக் கையாளத் தெரிந்தவர்களுக்கு இந்தச் சமையலில் அது வார்ப்பிரும்புக்கு மிக அருகில் வந்துவிடுகிறது, சாறு சுண்டும் கட்டத்தில் அடிப்பிடிக்காமல் அடிக்கடி கிண்ட வேண்டும் என்பது மட்டுமே வேறுபாடு. நான்ஸ்டிக் பாத்திரத்தை இதற்குப் பரிந்துரைக்க மாட்டேன். எதுவும் ஒட்டாத பரப்பில் அந்தப் பழுப்புப் படலமும் சரியாக உருவாவதில்லை. அது இல்லாத சாற்றில் கிரீமின் இனிப்பு மட்டுமே எஞ்சுகிறது. மேலும், அந்தப் பூச்சை வெறுமனே கடுஞ்சூட்டில் வைப்பதும் நல்லதல்ல.

மிச்சத்தை இந்தப் பாத்திரத்தோடு குளிர்பெட்டியில் வைக்க வேண்டாம். கனமான இரும்பு மெல்லத்தான் ஆறும். ஆறாத உணவு நீண்ட நேரம் வெதுவெதுப்பாகக் கிடப்பது பாதுகாப்பன்று. இரண்டு மணி நேரத்துக்குள் தாழ்ந்த வேறு பாத்திரத்துக்கு மாற்றிக் குளிரவைத்தால் மூன்று நாள்கள் வரை தாங்கும். மறுநாள் பாஸ்தா சாற்றையெல்லாம் உறிஞ்சி இறுகியிருக்கும் என்பதால், கொஞ்சம் பாலோ தண்ணீரோ விட்டுச் சிறுதீயில் நன்றாகச் சூடாக்க வேண்டும்.

வாரத்தில் ஓரிரு இரவுகளாவது இத்தகைய ஒரே பாத்திரச் சமையல் நடக்கும் நான்கு பேர் கொண்ட வீட்டுக்கு, தூக்குவதற்கு வலு இருந்தால், இதைத் தயங்காமல் வாங்கலாம். விலை கூடுதல்தான் என்றாலும் கவனமாக வைத்துக்கொண்டால் பல ஆண்டுகள் உழைக்கும். வாங்கும்போது உட்புறம் வெளிறிய நிறத்தில் உள்ளதையும், அடுப்பில் ஏற்றும் சூட்டைத் தாங்கும் உலோகக் குமிழ் பொருத்திய மூடியையும் தேர்ந்தெடுக்கவும். இரண்டே பேர் உள்ள வீட்டுக்கு 24 செ.மீ. போதும், அப்போது பாஸ்தாவை 150 கிராமாகவும், சாற்றை அரை லிட்டருக்குச் சற்றுக் குறைவாகவும் எடுத்துக்கொள்ளவும்.