சம்பள மென்பொருளில் மே 1: நம்பி விடலாமா?

கைரேகையில் வருகையைப் பதிந்து, மாதக் கடைசியில் சம்பளச் சீட்டும் போட்டுத்தரும் மென்பொருள்கள் இன்று ஜவுளிக்கடை முதல் ஐடி கம்பெனி வரை வந்துவிட்டன. தாமதம், ஓவர்டைம், பிஎஃப் பிடித்தம் எல்லாம் ஒழுங்காகவே வருகின்றன. கோட்டை விடுவது விடுமுறைப் பகுதியில், அதிலும் குறிப்பாக மே 1-ல்.

'இந்தியா' என்ற தயார்ப் பட்டியலைத் தேர்ந்தெடுத்தால் பெரும்பாலும் ஜனவரி 26, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 மட்டுமே கட்டாய விடுமுறையாக வரும். மத்திய அரசின் விடுமுறைப் பட்டியலில் மே தினம் கிடையாது. தமிழ்நாட்டிலோ 1958-ஆம் ஆண்டு தேசிய, பண்டிகை விடுமுறைகள் சட்டப்படி இந்த மூன்றோடு மே 1-ம் சம்பளத்துடன் கூடிய விடுமுறை. பண்டிகைகளுக்கு இன்னும் ஐந்து நாள். ஆகவே மே 1-ஐ நீங்களே சேர்த்து, வகையை 'தேசிய விடுமுறை' என்று மாற்றுங்கள். 'விருப்ப விடுமுறை'யில் கிடந்தால், விண்ணப்பிக்காமல் வீட்டில் இருந்தவருக்கு ஆப்சென்ட் விழுந்து சம்பளம் பிடிபடும்.

அன்று வேலை வாங்கினால் இரட்டைச் சம்பளம், இல்லையேல் அன்றைய சம்பளத்தோடு மாற்று விடுமுறை. 24 மணி நேரம் முன்பே எழுத்தில் நோட்டீஸும் தர வேண்டும். அதை எந்த மென்பொருளும் நினைவூட்டிப் பார்க்கவில்லை. கணக்கு சறுக்குவது பெருக்கல் எண்ணில், அதாவது ஒரு நாள் கூலியை எத்தனையால் பெருக்கித் தருவது என்பதில். மாதச் சம்பளக்காரருக்கு மே 1-ன் கூலி ஏற்கெனவே சம்பளத்துக்குள் இருப்பதால், கூடுதலாக 1 நாள் போட்டால் சரி. அதே 1-ஐ 700 ரூபாய் தினக்கூலிக்காரருக்கும் வைத்தால் 1,400-க்குப் பதில் 700 தான் வரும். இரு பிரிவினருக்கும் தனித்தனி விதி எழுதியே ஆக வேண்டும். மே தினம் பழைய சடங்கு என்பவர்கள் அந்த 700 ரூபாயைப் பார்க்கட்டும்.

மாற்று விடுமுறைக்கு 30 நாள் கெடு வைத்திருக்கும் மென்பொருளும் உண்டு. சீசன் நேரத்தில் மேலாளர் லீவு தரமாட்டார், கெடு முடிந்ததும் அந்த நாள் சத்தமில்லாமல் அழிந்துவிடும். கெடுவை எடுத்துவிடுங்கள், அல்லது முடியும்போது பணமாக மாறும்படி வையுங்கள். ஞாயிறன்று மே 1 வந்தால் 'வார விடுமுறை' முந்திக்கொள்ளும். முன்னுரிமை வரிசையில் தேசிய விடுமுறையை மேலே ஏற்றுங்கள்.

காசு கொடுக்குமுன் டெமோவில் ஒரு தினக்கூலி ஊழியரை உருவாக்கி, மே 1-க்கு வருகை போட்டு, சீட்டை எடுத்துப் பாருங்கள். விற்க வந்தவர் 'அதை அப்புறம் செட் பண்ணிக்கலாம் சார்' என்றால் வாங்காதீர்கள்.