நாகர்கோவில் முரண் அளவை வகுப்பு: நிலம் அளக்கிறவன் பார்வையில்

வடசேரியில் ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியர் ஒருவர் தன் வீட்டு மாடியில் ஞாயிற்றுக்கிழமை காலைகளில் நடத்துகிற வகுப்பு இது. தர்க்கத்தில் வரும் முரண்புதிர்களை (பாரடாக்ஸ்), அதாவது உண்மை என்றாலும் இடிக்கிற, பொய் என்றாலும் இடிக்கிற கூற்றுகளை, எண்களால் அளப்பதற்கு அவரே ஒரு கோட்பாடு உருவாக்கியிருக்கிறார். எந்தப் பாடத்திட்டத்திலும் இது கிடையாது. போகலாமா என்று கேட்டால், கட்டாயம் போங்கள் என்பேன். ஆனால் அவர் சொல்லும் மூன்று எண்களில் இரண்டைத்தான் நான் நம்புகிறேன்.

என் தொழில் நிலம் அளப்பது. சங்கிலி பிடித்தவர்களிடம் படித்து, இப்போது டோட்டல் ஸ்டேஷன் என்ற மின்னணுக் கருவி வைத்து அளக்கிறேன். எந்தக் கருவியைக் கண்டாலும் நான் கேட்பது ஒன்றுதான்: இரண்டு பேர் தனித்தனியாக அளந்தால் ஒரே எண் வருமா? இந்த வகுப்பையும் அப்படித்தான் பார்த்தேன்.

முதல் எண்ணுக்குச் சார் வைத்த பெயர் சுற்று. ஒரு வாக்கியம் எத்தனை வாக்கியங்களைத் தாண்டித் தன்னிடமே திரும்பி வருகிறது என்ற கணக்கு. ‘நான் இப்போது சொல்வது பொய்’ என்பதற்குச் சுற்று 1. இரண்டாவது அலைவு. வாக்கியம் உண்மை என்று வைத்துக்கொண்டு அது சொல்வதைப் பின்தொடர வேண்டும். எத்தனை அடியில் தொடங்கிய நிலைக்கே வந்து சேர்கிறோமோ அதுதான் எண். மேலே சொன்ன வாக்கியம் உண்மையென்றால் பொய்யாகிறது, பொய்யென்றால் உண்மையாகிறது. ஆக அலைவு 2. மூன்றாவது விலை. அதைப் பிறகு சொல்கிறேன்.

இது வெறும் கற்பனை என்று தள்ளிவிட முடியாது. தர்க்க அறிஞர்களான ஹெர்ஸ்பெர்கரும் அனில் குப்தாவும் 1982-இல் எழுதிய கட்டுரைகளில், உண்மையும் பொய்யும் மாறிமாறி வரும் இந்தப் போக்கை முறையாக ஆராய்ந்திருக்கிறார்கள். சார் அதை எடுத்துக் கட்டம்போட்ட தாளிலும் அட்டையிலும் இறக்கியிருக்கிறார். பிளஸ் ஒன் படிக்கிற பிள்ளைக்கும் புரிகிறது.

அட்டைகள்தான் வகுப்பின் உயிர். முதலில் ஒரே அட்டை. முன்பக்கம் ‘பின்பக்கம் இருப்பது உண்மை’, பின்பக்கம் ‘முன்பக்கம் இருப்பது பொய்’. 1913-இல் ஜோர்டெய்ன் என்ற ஆங்கிலேயர் சொன்ன புதிர். உண்மைக்கு உ, பொய்க்குப் பொ என்று, முன்பக்கத்துக்கு ஒன்று பின்பக்கத்துக்கு ஒன்றாகக் கட்டத்தில் எழுதிக்கொண்டே போனோம். ஒவ்வொரு அடியிலும் முந்தின நிலையைப் பார்த்து இரண்டையும் ஒன்றாக மாற்ற வேண்டும். உஉ, உபொ, பொபொ, பொஉ, மறுபடி உஉ. அலைவு 4. நான்கில் எந்த இடத்தில் தொடங்கினாலும் நான்குதான். மாடியில் இருந்த எல்லாருக்கும் அதே எண் வந்தபோது எனக்கு உண்மையிலேயே சந்தோஷமாக இருந்தது.

அப்புறம் மூன்று அட்டை. முதலாவது இரண்டாவதை உண்மை என்கிறது, இரண்டாவது மூன்றாவதை உண்மை என்கிறது, மூன்றாவது முதலாவதைப் பொய் என்கிறது. எங்கள் பெஞ்சில் விடை 6. பக்கத்துப் பெஞ்சில் கல்லூரியில் படிக்கிற ஒரு பிள்ளைக்கு 2. நாங்கள் மூன்றும் உண்மை என்று தொடங்கியிருந்தோம், அவள் உ-பொ-உ என்று தொடங்கியிருந்தாள். அது நேரே பொ-உ-பொ ஆகி, அடுத்த அடியிலேயே திரும்பிவிடுகிறது. இருக்கக்கூடிய எட்டு நிலைகளில் ஆறு ஒரு சக்கரத்தில் சுற்றுகின்றன, மீதி இரண்டு தனியாகச் சுற்றுகின்றன. சார் இரண்டு தாளையும் வாங்கிப் பார்த்துவிட்டு, “மக்களே, ரெண்டும் சரிதான். எங்க நின்னு அளந்தோம்னு எழுதணும், அவ்வளவுதான்” என்றார். எந்தக் கல்லில் தொடங்கினோம் என்று எழுதாத வரைபடத்தை நானும் ஏற்க மாட்டேன், அதனால் அந்தப் பதில் எனக்கு முழுக்கச் சம்மதம். ஆனால் வகுப்பில் கொடுக்கிற ஜெராக்ஸ் புத்தகத்தில் இந்த விதி இல்லை. முதல் பக்கத்திலேயே இருக்க வேண்டியது.

அளந்து பார்த்தால்தான் தெரிகிற வேறுபாடுகளும் உண்டு. மணிமேகலையில் தர்க்கப் போலிகளை, அதாவது பிழையான வாதங்களை, விளக்கும் இடத்தில், தன் சொல்லே தனக்கு மாறாவதற்கு ‘என் தாய் மலடி’ என்று உதாரணம் வருகிறது. சார் இதற்குச் சுற்றும் போடுவதில்லை, அலைவும் போடுவதில்லை. அது பொய், அத்தோடு சரி. முரண்பாடு வேறு, முரண்புதிர் வேறு என்பதை இவ்வளவு சுருக்கமாக யாரும் எனக்குச் சொன்னதில்லை.

இனி விலை. ஒரு புதிரிலிருந்து தப்பிக்க எத்தனை விதிகளைக் கைவிட வேண்டும் என்பது இந்த எண். தனக்குத்தானே சவரம் செய்துகொள்ளாத எல்லாருக்கும், அவர்களுக்கு மட்டுமே, சவரம் செய்கிற ஊர் நாவிதர் தனக்குச் செய்துகொள்வாரா? அப்படி ஒருவர் இருக்கவே முடியாது, ஆகவே விலை பூஜ்யம். ரஸ்ஸலின் கணப் புதிர் (தன்னையே உறுப்பாகக் கொள்ளாத கணங்கள் எல்லாம் சேர்ந்த கணம், தன்னை உறுப்பாகக் கொள்ளுமா என்பது) அப்படியல்ல. அப்படி ஒரு கணம் உண்டு என்று சொல்கிற விதியையே கைவிட வேண்டும். 1902 ஜூனில் ரஸ்ஸல் எழுதிய கடிதம் தர்க்க அறிஞர் ஃப்ரெகேவுக்குக் கிடைத்தபோது அவருடைய பெரிய நூலின் இரண்டாம் பாகம் அச்சில் இருந்தது. அதோடு அவர் ஒரு பின்னிணைப்பு சேர்க்க வேண்டியதாயிற்று. இதைச் சார் சொல்லும்போது வகுப்பே அசையாமல் கேட்டது.

கதை நன்றாக இருக்கிறது, எண்தான் நிற்கவில்லை. ‘நான் இப்போது சொல்வது பொய்’ என்ற பொய்யன் புதிருக்கு விலை என்ன? ஒரு மொழியின் வாக்கியங்கள் உண்மையா பொய்யா என்பதை அதே மொழியில் பேசக்கூடாது என்றார் தர்க்க அறிஞர் டார்ஸ்கி. சில வாக்கியங்களுக்கு உண்மை, பொய் இரண்டுமே வேண்டாம் என்று வழிகாட்டினார் இன்னொரு தர்க்க அறிஞரான கிரிப்கி, 1975-இல். இரண்டு பேரும் கைவிட்டது வேறு வேறு. எதை ஒன்று என்று எண்ணுவது, எதை இரண்டு என்று எண்ணுவது? எங்கள் வகுப்பிலேயே பெஞ்சுக்கு ஒரு விலை வந்தது, யார் சரி என்று தீர்க்க வழி இல்லை. இதை மதிப்பீடு என்று சொல்லலாம், அளவு என்று சொல்லக்கூடாது. சாரிடம் நேராகவே சொன்னேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை, ஆனால் பொறுமையாகக் கேட்டார்.

தத்துவ அறிஞர் யாப்லோ 1993-இல் சொன்ன புதிரில், முடிவில்லாத வரிசையில் ஒவ்வொரு வாக்கியமும் தனக்குப் பின்னால் இருப்பவை எல்லாம் பொய் என்கிறது. எதுவும் தன்னிடம் திரும்புவதாகத் தெரியவில்லை. அங்கே சுற்றுக்கான கட்டத்தில் சார் கோடு போட்டு விட்டுவிடுகிறார். தன் கோட்பாடு எட்டாத இடத்தை அவரே காட்டுவது எனக்குப் பிடித்திருந்தது.

ஒரு வகுப்பு சிதறால் மலையில் நடக்கும். மார்த்தாண்டத்திலிருந்து பஸ் உண்டு. பாறையில் செதுக்கிய தீர்த்தங்கரர்கள் பக்கத்தில் உட்கார்ந்து, சமணர்களின் ஏழு வகைக் கூற்றையும், அதில் ‘சொல்ல முடியாதது’ என்று ஒரு வகை இருப்பதையும் பேசுவார். வெயிலுக்கு முன்னால் ஏறிவிடுங்கள்.

மாடியில் மின்விசிறி ஒன்றுதான், ஜன்னல் பக்கம் இடம் பிடியுங்கள். இடைவேளைக்குக் கட்டன்சாயாவும் ரசவடையும் வரும். மதியம் ஒரு மணிக்கு முடியும் என்பார்கள், முடியாது. அட்டைப் பெட்டி தனியாக விலைக்குக் கிடையாது, வகுப்பில் சேர்ந்தால்தான். கட்டம்போட்ட நோட்டும் பென்சிலும் நீங்களே கொண்டுபோக வேண்டும்.