38 எம்பி ஃபோல்டரை அழித்துவிட்டு 40 டாலர் வாங்கிக்கொண்டார்கள்

நேற்று இரவு நடந்தது. இன்னும் ஆத்திரம் அடங்கவில்லை. எழுத்தில் சூடு தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கம்ப்யூட்டரை ரிமோட்டில் பிடித்துச் சரிசெய்து தருகிறோம் என்று சொல்லும் ஓர் ஆன்லைன் சேவைக்கு 40 டாலர் கட்டினேன். அந்த 40 டாலரும் போனது, நானும் தங்கையும் ஒரு கேமில் 312 மணி நேரம் உட்கார்ந்து கட்டிய சேவும், அதாவது ஆட்டம் எதுவரை வந்தது என்பதைச் சேமித்து வைத்திருக்கும் ஃபைலும், போனது. பெயரை எழுதப் போவதில்லை. ஆனால் "கேம் ஃபைலை டிரைவ் மாற்றுவது எப்படி" என்று தேடினால் முதல் பக்கத்திலேயே வந்து நிற்கும் வகை. உடனே சாட் பெட்டி திறக்கும், ஓர் ஆள் வணக்கம் சொல்வார். இதெல்லாம் எப்படி நடந்தது என்று சொல்லிவிட்டு, கேம் ஃபைல்களை நாமே எப்படிக் கையாள்வது என்பதையும் கடைசியில் விவரமாக எழுதுகிறேன்.

என்னுடையது 512 ஜிபி எஸ்எஸ்டி. சி டிரைவின் பட்டை சிவப்பாகி ஒரு மாதம் ஆகிவிட்டது. புதிதாக 1 டிபி டிரைவ் ஒன்று போட்டேன், அது டி. கேம்களை அங்கே மாற்ற வேண்டும். எந்த கேம் எங்கே உட்கார்ந்திருக்கிறது என்பதே எனக்குத் தெரியாது. டெஸ்க்டாப்பில் இருக்கும் ஐகானைத் தட்டுவேன், கேம் திறக்கும், அவ்வளவுதான் எனக்கும் அதற்கும் உள்ள உறவு. தொட்டால் ஏதாவது கெட்டுவிடுமோ என்ற பயத்தில்தான் தெரிந்தவரிடம் கொடுப்போம் என்று நினைத்தேன்.

சாட்டில் வந்தவர் எடுத்த எடுப்பில் பணம் கேட்கவில்லை. அதுதான் என்னைச் சாய்த்தது. "என்ன கேம் விளையாடுகிறீர்கள்?" என்று கேட்டார். ஊர் கட்டும் கேம் என்றேன், தங்கையோடு சேர்ந்து இரண்டு வருடமாகக் கட்டுகிறோம் என்றேன். "அப்படியானால் சேவ் ஃபைல்தான் முக்கியம், அதற்கு ஒன்றும் ஆகாது, நான் பொறுப்பு" என்று அவரே சொன்னார். நான் கேட்பதற்கு முன்பே சேவ் என்ற வார்த்தையை அவர் சொன்னதும், விஷயம் தெரிந்த ஆள் என்று முழுதாக நம்பிவிட்டேன். அடுத்த நிமிடம் லிங்க் வந்தது. 40 டாலர், முன்பணம். கட்டினேன். ரிமோட் மென்பொருளை இறக்கச் சொன்னார், இறக்கினேன். அனுமதி கேட்டு விண்டோஸ் ஒரு பெட்டி காட்டியது, "ஆம்" என்று தட்டியதும் நான்தான்.

மவுஸ் அம்பு தானாக நகர ஆரம்பித்தது. கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தேன்.

முதலில் புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86, அதற்குள் ஸ்டீம் (நான் கேம்களை இறக்கித் திறக்கும் மென்பொருள்), ஸ்டீம்ஆப்ஸ், காமன் என்று போனார். அங்கே என் கேம்கள் பெயரோடு வரிசையாக இருந்தன. இத்தனை நாள் தேடாமல் விட்டது இவ்வளவு பக்கத்தில் இருந்ததா என்று எனக்கே வெட்கமாகிவிட்டது. அந்த கேமின் ஃபோல்டரை அப்படியே கட் செய்து, டி டிரைவில் கேம்ஸ் என்று தானே ஒரு ஃபோல்டர் உருவாக்கி அதில் பேஸ்ட் செய்தார். 62 ஜிபி. அது நகர்ந்துகொண்டிருக்கும்போதே, "மிச்சம் மீதி குப்பை இருக்கும், அதையும் துடைத்துவிடுகிறேன்" என்று சாட்டில் எழுதினார். ஆப்டேட்டா என்ற ஃபோல்டர் விண்டோஸில் மறைந்திருக்கும். மறைந்தவற்றைக் காட்டும் வசதியை ஆன் செய்து, அதற்குள் லோக்கல்லோ என்ற ஃபோல்டரைத் திறந்தார். கேமை உருவாக்கிய நிறுவனத்தின் பெயரில் ஒரு ஃபோல்டர். அதைத் தேர்ந்தெடுத்தார். நிரந்தரமாக அழிக்கவா என்று ஒரு பெட்டி வந்தது. கண் சிமிட்டும் நேரம்தான், ஆம் என்று தட்டிவிட்டார். ரீசைக்கிள் பின்னுக்குக்கூடப் போகவில்லை, ஷிஃப்ட்டோடு டிலீட்.

அந்த ஃபோல்டரின் அளவைப் பார்த்தேன். 38 எம்பி. அந்த எண் இன்னும் கண்ணில் நிற்கிறது. 512 ஜிபி டிரைவில் இடம் காலி செய்ய 38 எம்பி-யை அழித்தார். யூனிட்டி எஞ்சின் என்ற கேம் உருவாக்கும் மென்பொருளில் செய்த கேம்கள் நிறைய சேவ் ஃபைலை அந்த லோக்கல்லோ ஃபோல்டரில்தான் வைக்கும் என்பது எனக்கு இன்று காலைதான் தெரியும். கேமை லாஞ்சரிலிருந்து, அதாவது அந்த ஸ்டீம் மென்பொருளிலிருந்து, முறையாக அன்இன்ஸ்டால் செய்திருந்தால்கூட அந்த ஃபோல்டர் பெரும்பாலும் தப்பித்திருக்குமாம். தேடிப்போய் அழித்தது இவர்.

அடுத்து லாஞ்சரைத் திறந்தார். கேமுக்குப் பக்கத்தில் "விளையாடு" என்று இருக்க வேண்டிய இடத்தில் "நிறுவு" என்று இருந்தது. இருக்காதா பின்னே? ஸ்டீம் ஒவ்வொரு கேமுக்கும் ஆப்மேனிஃபெஸ்ட் என்று ஒரு சின்ன ஃபைல் வைத்திருக்கிறது. கேம் எந்த லைப்ரரியில் (ஸ்டீம் கேம்களை வைக்கும் இடம்) இருக்கிறது என்பதற்கு அதுதான் கணக்குப் புத்தகம். ஃபோல்டரை மட்டும் தூக்கி வேறிடத்தில் போட்டால் லாஞ்சருக்குத் தெரியாது. "இது சாதாரணம், திரும்ப டவுன்லோட் செய்துவிடுங்கள், சேவ் தானாக வந்துவிடும்" என்றார். நம்பி, அவர் சொன்னபடியே சி டிரைவிலேயே 62 ஜிபி-யைத் திரும்ப இறக்கினேன். அழிந்த ஃபைலை மீட்க ஏதாவது வழி இருந்திருந்தால், அந்த 62 ஜிபி அதன் மேல் எழுதியே அதையும் மூடியிருக்கும். எஸ்எஸ்டி-யில் ட்ரிம் என்ற ஏற்பாடு அழித்த இடத்தை வேகமாகக் காலி செய்துவிடும், மீட்பது முதலிலேயே கஷ்டம். அந்தக் கஷ்டத்தின் மேல் இது வேறு.

டவுன்லோட் முடிந்தபோது மணி ஒன்று. கேமைத் திறந்தேன். "தொடர்க" என்ற பட்டன் மங்கிப்போயிருந்தது. "புதிய ஆட்டம்" மட்டும் பளிச்சென்று இருந்தது. 312 மணி நேரம். தங்கை தன் தோழிகள் பேரை வைத்த தெருக்கள், மூன்று தடவை இடித்துக் கட்டிய பாலம், எல்லாம்.

அப்போதே சாட்டில் எழுதினேன். "24 மணி நேரத்தில் நிபுணர் பேசுவார்" என்று பதில். பத்து நிமிடம் கழித்து மெயில்: உங்கள் புகார் தீர்க்கப்பட்டது. என்ன தீர்ந்தது? திரும்ப எழுதினேன். இந்த முறை வேறு ஆள். பெயர் வேறு, ஆரம்ப வணக்கம் மட்டும் அட்சரம் பிசகாமல் அதே. "சேவ் ஃபைல் எங்கள் சேவைக்குள் வராது, விதிமுறையைப் படித்துவிட்டுத்தானே பணம் கட்டினீர்கள்" என்றார். "நான் பொறுப்பு" என்று அவர்கள் ஆள் எழுதிய வரியைப் படம் பிடித்து அனுப்பினேன். "அந்த ஊழியர் இப்போது பணியில் இல்லை" என்றார். காலையில் மூன்றாவது ஆள் வந்தார். அவர் சொன்னதுதான் என்னை எழுத உட்கார வைத்தது. 60 டாலர் கூடுதலாகக் கட்டினால் டேட்டா மீட்புப் பிரிவுக்கு அனுப்புவார்களாம். அழித்ததும் அவர்கள், மீட்கக் காசு கேட்பதும் அவர்கள்! என் 40 டாலரைத் திருப்பிக் கேட்டேன். "வேலை முடிந்துவிட்டதே, கேம் ஓடுகிறதே" என்றார். அதற்குப் பிறகு சாட் பெட்டி எனக்குத் திறப்பதே இல்லை. கார்டு கொடுத்த வங்கியில் புகார் போட்டிருக்கிறேன். 40 டாலர் ஒருவேளை வரலாம். ஊர் வராது.

கையாளும் முறையை விவரமாக எழுதுவதாகச் சொன்னேன். உட்கார்ந்து எழுதப் பார்த்தால் கோபத்தில் கை ஓடவில்லை. இன்று காலை முதல் படித்து, மற்ற கேம்களில் நானே செய்து பார்த்ததை மட்டும் அவசரமாகச் சொல்லிவிடுகிறேன்.

ஸ்டீமில் கேம் பெயர் மேல் ரைட் கிளிக் செய்து, மேனேஜ், பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ் என்று போனால் ஃபோல்டர் தானே திறக்கும். யாரும் தேவையில்லை. டிரைவ் மாற்ற வேண்டும் என்றால் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் என்ற இடத்தில் புது டிரைவைச் சேருங்கள், பிறகு கேமைத் தேர்ந்தெடுத்து மூவ் கொடுங்கள். நான் இன்று ஒரு கேமை அப்படி மாற்றினேன், நாலைந்து கிளிக், காசு ஒன்றும் கிடையாது. கையால் நகர்த்தித் தொலைத்துவிட்டீர்கள் என்றாலும் முழுதாக டவுன்லோட் செய்யாதீர்கள். ஃபோல்டரைப் புது லைப்ரரியின் ஸ்டீம்ஆப்ஸ், காமன் உள்ளே அதே பெயரில் வைத்துவிட்டு நிறுவு கொடுத்தால், இருப்பதைச் சரிபார்த்து எடுத்துக்கொள்ளும்.

கேம் வேறு, சேவ் வேறு. டாகுமெண்ட்ஸ் உள்ளே மை கேம்ஸ், யூசர் ஃபோல்டரில் சேவ்டு கேம்ஸ், ஆப்டேட்டாவில் இருக்கும் ரோமிங், லோக்கல், லோக்கல்லோ, ஸ்டீமுக்குள் யூசர்டேட்டா, இதில் எங்கு வேண்டுமானாலும் சேவ் இருக்கலாம். எதையும் நகர்த்தும் முன் அதை ஒரு பென் டிரைவில் காப்பி எடுத்துவிடுங்கள். என் 38 எம்பி-க்கு எந்தப் பழைய பென் டிரைவும் போதுமாயிருந்திருக்கும்.

சேவ் ஃபைலை இணையத்தில் பத்திரமாக வைக்கும் க்ளவுட் இருக்கிறதே என்று இருக்காதீர்கள். எல்லா கேமுக்கும் அது கிடையாது. என் கேமுக்கு இல்லை, இருக்கிறது என்றே இரண்டு வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஏதாவது அழிந்துவிட்டால் அந்த டிரைவில் ஒன்றும் இறக்காதீர்கள், அப்படியே நிறுத்திவிடுங்கள். சாட்டில் முகம் தெரியாத ஆளுக்கு ரிமோட் கொடுக்கவே கொடுக்காதீர்கள். கொடுத்துவிட்டவர்கள் அந்த மென்பொருளை உடனே நீக்குங்கள், பாஸ்வேர்டுகளை வேறு ஒரு கருவியிலிருந்து மாற்றுங்கள். நான் இப்போது போனில்தான் எழுதிக்கொண்டிருக்கிறேன், கம்ப்யூட்டரை அணைத்து வைத்திருக்கிறேன். தங்கைக்கு இன்னும் சொல்லவில்லை. சாயங்காலம் விளையாட வருவாள்.