கண்ணு தெரியாம பொழைக்கிறதுல யாரு கெட்டி, கோல்டன் மோலா ப்ளெஸ்மோலா?

கேப் டவுன்ல புல்தரை வச்சிருக்கற நம்ம ஆளுங்களுக்கு இது தீராத புலம்பல், காலைல எந்திரிச்சு பாத்தா தோட்டம் பூரா மண்ணு கெளம்பி கெடக்கு, விஷம் வைக்கலாமா பொறி வைக்கலாமான்னு கேக்கறாங்க, ரைலாண்ட்ஸ் கோயில்ல சாப்பிட உக்காந்தா கூட இதே பேச்சுதான். தயவுசெஞ்சு மொதல்ல யாரு தோண்டுனதுன்னு பாருங்க, மண்ணுக்கடியில வாழற குட்டி மிருகங்க ரெண்டு இருக்கு, ஒண்ணு கோல்டன் மோல், இன்னொண்ணு ப்ளெஸ்மோல். ரெண்டு பேருக்குமே கண்ணு பேருக்குத்தான், ஆனா ரெண்டும் பிடிச்ச வழி வேற வேற.

கோல்டன் மோல் கண்ணை மொத்தமா விட்டுடுச்சு. பக்கத்து வீட்டு பூனை கொன்னு போட்ட ஒண்ணை கையில எடுத்து பாத்திருக்கேன், முகத்துல கண்ணு எங்கன்னு தேடினாலும் தெரியல, தோலும் முடியுமா மூடி கெடக்கு, காதும் முடிக்குள்ள ஒளிஞ்சிருக்கு, வெயில்ல திருப்பினா அந்த முடி பச்சையும் ஊதாவுமா மின்னுது, அவ்ளோ அழகு. ஆனா சமாச்சாரமே காதுக்குள்ளதான் இருக்கு. உள்காதுக்கு அதிர்வை கடத்துற சுத்தியல் எலும்புன்னு ஒண்ணு, அது இதோட உடம்பு சைஸுக்கு ரொம்ப பெருசு, அதனால மண்ணு லேசா அதிர்ந்தா கூட புடிச்சிடும். நமீப் பாலைவனத்துல இருக்கற கிராண்ட்ஸ் கோல்டன் மோல் ராத்திரி மணல் மேல நடந்து போகும், நடுவுல நின்னு தலையை மணல்ல புதைச்சு கேக்கும், காத்துல ஆடுற புல்லு புதரோட அதிர்வை வச்சே கரையான் இருக்கற எடத்துக்கு போயிடும்.

ப்ளெஸ்மோல், அதாவது கேப் மோல் ராட், வேற ரகம். குட்டியா ஆனா திறந்த கண்ணு, மோல் ராட் இனத்துக்கு வெளிச்சம் இருட்டு தெரியும் அவ்ளோதான். பல்லாலயே தோண்டும், உதடு பல்லுக்கு பின்னாடி மூடிக்கறதால வாய்க்குள்ள மண்ணு போகாது. தனியாத்தான் வாழும், ஜோடி தேடுற காலத்துல பின்னங்காலால தரையில தட்டி சேதி சொல்லும். இதோட சொந்தம் ஜாம்பியாவுல ஆன்செல்ஸ் மோல் ராட்னு ஒண்ணு, அதுக்கு பூமியோட காந்தத்தை வச்சு திசை தெரியும், கண்ணை எடுத்துட்டா அந்த திசை உணர்வு போயிடுதுன்னு 2020ல ஆராய்ச்சி பண்ணி காட்டினாங்க. பாக்கவே உதவாத கண்ணு திசைகாட்டியா வேலை செய்யுதுன்னா சும்மாவா?

என்னைக் கேட்டா தெறமையில கோல்டன் மோல்தான் ஒசத்தி, கண்ணே இல்லாம பூச்சி புழுவை தேடிப் புடிக்கணும்ல, ப்ளெஸ்மோலுக்கு அந்த கஷ்டம் இல்ல, அது திங்கற கிழங்கு எங்கயும் ஓடிப் போகாது. ஆனா ஆபத்தும் கோல்டன் மோலுக்குத்தான் ஜாஸ்தி, 21 வகையில ஏறக்குறைய பாதி அழியற நெலமையில இருக்கு. டி விண்டன்ஸ் கோல்டன் மோலை 1930களுக்கு அப்புறம் யாருமே பாக்கல, தென்னாப்பிரிக்காவோட மேற்கு கடற்கரையில போர்ட் நோலத் ஊர் பக்கம் நாயை மோப்பம் பிடிக்க விட்டு, மணல்ல இருந்த டிஎன்ஏவையும் சோதிச்சு, அது இன்னும் இருக்குன்னு 2023லதான் அறிவிச்சாங்க.

அடையாளம் ஈஸி. புல்லு மேல நீளமா மேடு ஓடுதா, கோல்டன் மோல், புழு தேடி வந்திருக்கு, காலால மிதிச்சு சமன் பண்ணிட்டு விட்டுடுங்க. குவியல் குவியலா மண்ணு கெடந்து செடி கிழங்கும் காணாம போகுதா, அது ப்ளெஸ்மோல், அதுக்கும் விஷம் வேணாம், கிழங்கை கம்பி வலை கூடைக்குள்ள வச்சு நடுங்க போதும்.